பவானியின் சக்களத்தி

கடலூர் புதுப்பாளையத்தில் பவானியோடு பேசிப் பழகாதவர்கள் இருக்கலாம். பவானிக்காக ஒரு தடவையாவது ‘பாவம்’ சொல்லாதவர்கள் கிடையாது. காய்கறி வண்டிக்காரர் அவளுக்கு மட்டும் கொசுறு கறிவேப்பிலையை ஒரு கைப்பிடி கூடப் போடுவார். பூக்காரி இருசம்மாள் அவள் முகத்தைப் பார்த்துப் பெருமூச்சு விட்டு, முழத்தை ஒரு சாண் நீட்டிவிடுவாள். புருஷன் சக்களத்தியைக் கொண்டுவந்து மாடியிலேயே குடி வைத்திருக்கிறான், அவளுக்கும் சேர்த்து உலை வைக்கிறாள் மகராசி என்று தெருவுக்கே அவள்மேல் இரக்கம். அந்த இரக்கத்தைப் பவானி ஒருநாளும் வேண்டாமென்று சொன்னதில்லை. அது இல்லாவிட்டால் அவள் பிழைப்பு நாறிப்போயிருக்கும்.

முதலிலிருந்து சொன்னால்தான் இது புரியும். 2004இல் பவானியின் வீட்டுக்காரர் கொளஞ்சியப்பனுக்குச் சிதம்பரத்தில் அரசாங்க ஆபீஸ் வேலை. அண்ணாமலை நகர் போகிற வழியில் ஒரு காம்பவுண்டு வீட்டில் கீழ் போர்ஷனில் குடியிருந்தார்கள். கொளஞ்சியப்பன் கெட்டவர் என்று யாரும் சொல்ல முடியாது. குடி கிடையாது, கோபம் கிடையாது, ஆசை என்றும் பெரிதாக ஒன்றும் கிடையாது. கல்யாணமான புதிதில் கடமைக்கு ஒரு பெண்பிள்ளையைக் கொடுத்துவிட்டு டிவி செய்திக்கு முன்னால் உட்கார்ந்தவர், அதற்கப்புறம் எழுந்திருக்கவே இல்லை. அந்தப் பெண், சிந்துஜா, அப்போது பத்தாவது முடித்திருந்தாள். கூடவே கொளஞ்சியப்பனின் அம்மா ரத்தினம்மாள்.

மேல் போர்ஷனில் அமராவதி தனியாக இருந்தாள். மஸ்கட்டுக்குப் போன அவள் புருஷன் அங்கேயே இன்னொரு குடும்பம் ஆக்கிக்கொண்டான். கேஸ் கீஸ் போட்டுவிடப் போகிறாளே என்ற பயத்தில் மாதாமாதம் பணம் மட்டும் தவறாமல் அனுப்பினான். பிள்ளை குட்டி இல்லை. தாலி மட்டும் கழுத்தில் இருந்தது. “இது கெடக்கட்டும், வாடகைக்கு வூடு கேக்கப் போனா ஒதவுது” என்பாள்.

அந்தச் சித்திரை வெயிலில்தான் பவானியும் அமராவதியும் சேர்ந்து தாளிப்பு வடகம் போட்டார்கள். சின்ன வெங்காயத்தையும் பூண்டையும் உரலில் ஒன்றிரண்டாக இடித்து, கடுகு, வெந்தயம், சீரகம், உளுந்து கலந்து, ஒருநாள் ஊறவைத்து, மொட்டைமாடியில் காயவைக்க வேண்டும். சாயந்திரம் அள்ளிப் பிசைந்து உருட்ட வேண்டும். மறுநாள் மறுபடி வெயிலில் உதிர்க்க வேண்டும். ஒரு வாரம் இதே வேலை. காக்காய் வராமல் பக்கத்திலேயே உட்கார்ந்திருக்க வேண்டும். உட்கார்ந்தால் பேச வேண்டியிருக்கிறது. பேசினால் சிரிக்க வேண்டியிருக்கிறது. கடைசி நாள், கெடாமல் இருக்க விளக்கெண்ணெய் தடவி உருட்டும்போது, அமராவதி எண்ணெய்க் கையோடு பவானியின் கையைப் பிடித்தாள். பிடித்தவள் விடவில்லை. பவானியும் இழுத்துக்கொள்ளவில்லை. நாற்பதை நெருங்கிக்கொண்டிருந்த பவானிக்கு, உடம்பு என்று ஒன்று தனக்கும் இருக்கிறது என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. ஐயோ, இத்தனை வருஷம் சும்மா போய்விட்டதே என்று அழுகை அழுகையாக வந்தது.

“இதுக்கு இன்னாடி பேரு?” என்று கேட்டாள் ஒருநாள்.

“பேரு எதுக்கு? பேரு வச்சா ஊருக்குத் தெரிஞ்சிரும். சும்மா இரு” என்றாள் அமராவதி.

ஊருக்குத் தெரியாமல் பார்த்துக்கொள்வது ஒன்றும் கஷ்டமாகவே இல்லை என்பதுதான் வேடிக்கை. ரத்தினம்மாள் மருமகளைக் கண்கொத்திப் பாம்பாய்க் காவல் காப்பவள். பால்காரன் இரண்டு வார்த்தை கூடப் பேசினால் செருமுவாள். கேபிள்காரன் வந்தால் நடு ஹாலில் நாற்காலி போட்டு உட்கார்ந்துகொள்வாள். சிலிண்டர் போடுகிறவன் அடுப்படிக்குள் கால் வைக்கக் கூடாது. “பொட்டச்சி தனியா மாடிக்குப் போவாத. பக்கத்துல லாட்ஜில படிக்கிற பசங்க இருக்கானுவ. அமராவதியக் கூட்டிட்டுப் போ” என்று அவளே அனுப்பிவைப்பாள். அப்படிப்பட்ட காவலில் பவானி இரண்டு வருஷம் சந்தோஷமாக இருந்தாள்.

2006இல் கொளஞ்சியப்பனுக்குப் பதவி உயர்வும் கடலூர் மாற்றலும் சேர்ந்து வந்தன. எல்லோரும் இனிப்பு தின்றார்கள். பவானிக்கு மட்டும் தொண்டையில் இறங்கவில்லை. புதுப்பாளையத்தில் வீடு பார்த்தார்கள். கீழே மூன்று அறை, மேலே ஆஸ்பெஸ்டாஸ் ஷீட் போட்ட ஒரு சின்ன போர்ஷன் காலியாகக் கிடந்தது. அமராவதி செவ்வாய், வெள்ளி தவறாமல் சிதம்பரத்திலிருந்து பஸ் ஏறினாள். திருப்பாதிரிப்புலியூர் கோயிலுக்கு வேண்டுதல் என்று பெயர். காலையில் வருவாள், கோயிலுக்கு ஒரு எட்டுப் போவாள், மீதிப் பொழுதெல்லாம் பவானி வீட்டில் இருப்பாள், இருட்டுவதற்குள் திரும்பிவிடுவாள். சாமி எத்தனை நாள்தான் பொறுக்கும்!

ஐப்பசியில் ஒருநாள் பேய்மழை. பஸ் ஸ்டாண்டில் நனைந்துகொண்டு நின்ற அமராவதியை, அந்தப் பக்கம் போன கொளஞ்சியப்பன் ஸ்கூட்டரில் ஏற்றிக்கொண்டு வந்து வீட்டில் விட்டார். அதை அவர் ஆபீஸ் ஆள் ஒருவர் பார்த்துவிட்டார். அவ்வளவுதான். வாரத்துக்கு இரண்டு நாள் ஒரு பெண் வருகிறாள், புருஷன் பக்கத்தில் இல்லாதவள், வந்தால் பொழுதுக்கும் இருக்கிறாள். இதற்கு ஊருக்குத் தெரிந்தது ஒரே ஒரு காரணம்தான். அவள் வருகிற நேரத்தில் கொளஞ்சியப்பன் ஆபீசில் இருக்கிறாரே என்று ஒருத்தருக்கும் தோன்றவில்லை.

பேச்சு ரத்தினம்மாள் காதுக்கு வந்து, அங்கிருந்து பண்ருட்டிக்குப் போனது. பண்ருட்டியில் பவானியின் தம்பி திருநாவுக்கரசு முந்திரி, பலா வியாபாரம் செய்கிறவன். அக்கா புருஷனிடம் நியாயம் கேட்கும் உரிமை மச்சான்காரனுக்குத்தான் உண்டு. ஞாயிற்றுக்கிழமை காலையில் ஒரு கையில் முந்திரிப் பையும் முகத்தில் கோபமுமாக வந்து இறங்கினான். காப்பி குடித்து முடித்ததும் ஆரம்பித்தான்.

“மாமா, நேராவே கேக்குறன். அந்தச் சிதம்பரத்துப் பொம்பளைக்கும் ஒங்களுக்கும் இன்னா?”

‘ஒன்றுமில்லை’ என்று அந்த மனிதர் அப்போதே சொல்லியிருக்கலாம். ஆனால் ஐம்பது வயதுவரை யாரும் கொளஞ்சியப்பனைச் சந்தேகப்பட்டதே கிடையாது. லஞ்சத்தில்கூட அவரைச் சேர்த்துக்கொள்ளாமல் விட்டுவிடுவார்கள். முதல்முதலாக ஒருவன் தன்னை ஒரு ஆம்பளையாக மதித்து நிற்கவைத்துக் கேட்கிறான். அவர் மீசையை நீவிக்கொண்டார். மீசைக்கடியில் லேசாக ஒரு சிரிப்பு வேறு வந்துவிட்டது. அதற்கப்புறம் “சேச்சே” என்றார். யார் நம்புவார்கள்?

ரத்தினம்மாள் தலையில் அடித்துக்கொண்டாள். திருநாவுக்கரசு தீர்ப்பு சொன்னான். “இனிமே அவ இந்த வாசப்படி மிதிக்கக் கூடாது. நான் சிதம்பரத்துக்கே போய்ச் சொல்லிட்டு வரேன்.”

அடுப்படி வாசலில் நின்ற பவானி கரண்டியைக் கீழே வைத்தாள். அமராவதி வர மாட்டாள். இனி வரவே மாட்டாள். செவ்வாய்க்கிழமை என்றால் வெறும் செவ்வாய்க்கிழமைதான். அந்த நினைப்பில் அழுகை வந்தது. அந்த அழுகையோடுதான் அவள் ஹாலுக்கு வந்தாள். முன்னாலேயே யோசித்து வைத்ததெல்லாம் இல்லை. வாய் தானாகப் பேசியது.

“வேணாம்டா தம்பி. தொரத்துனா இவரு சிதம்பரத்துக்குப் போவ ஆரம்பிச்சிருவாரு. மானம் ரெண்டு ஊருல போவும். மாடி போர்ஷன் காலியாத்தானே கெடக்குது? அவ இங்கயே வந்து இருக்கட்டும். என் கண்ணு முன்னால இருக்கட்டும்.”

திருநாவுக்கரசு கண்ணைத் துடைத்துக்கொண்டான். ரத்தினம்மாள் மருமகளைக் கட்டிப்பிடித்து, “நீ பொம்பள இல்லடி, தெய்வம்” என்று ஓவென்று அழுதாள். அரசாங்க உத்தியோகத்தில் இருக்கிறவர் இரண்டாம் தாரம் வைத்துக்கொண்டால் எவனாவது மொட்டைப் பெட்டிஷன் போட்டு வேலைக்கு வேட்டு வைப்பான் என்பதால், வெளியே ‘வாடகைக்கு இருக்கிறவள்’ என்று சொல்லிக்கொள்வது என முடிவானது. கொளஞ்சியப்பனை யாரும் ஒன்றும் கேட்கவில்லை.

திருநாவுக்கரசு போனதும் அவர் பவானியிடம் வந்தார். “சத்தியமா எனக்கும் அந்தப் பொண்ணுக்கும் ஒன்னும் இல்ல பவானி.”

“தெரியும்.”

“எப்புடி அவ்ளோ நிச்சயமாச் சொல்ற?” அவருக்குக் கொஞ்சம் வருத்தமாகக்கூட இருந்தது.

தை பிறந்ததும் அமராவதி பெட்டி படுக்கையோடு வந்து இறங்கினாள். முதல் வாரத்தில் கொளஞ்சியப்பன் ஒருநாள் சலவைச் சட்டை போட்டு, பவுடர் பூசி, கால் கிலோ அல்வாவோடு மாடி ஏறினார். ஊர்தான் சொல்லிவிட்டதே, ஒருவேளை அப்படித்தானோ என்று அவருக்கே ஒரு சபலம். அமராவதி கதவைத் திறந்து, “வாங்கண்ணே! அல்வாவா? அண்ணிக்குப் புடிக்கும், குடுங்க” என்று வாங்கி உள்ளே வைத்தாள். அண்ணே என்ற சொல்லோடு அவர் இறங்கி வந்து செய்தி போட்டுக்கொண்டார்.

ஆனால் ஆபீசில் கதையே வேறு. அதுவரை டீ வந்தால் அவரைக் கூப்பிட மறந்துவிடுகிறவர்கள், இப்போது நாற்காலி இழுத்துப் போட்டார்கள். “சாரு பாக்கத்தான் சாது” என்று தோளில் தட்டினார்கள். தெருமுனை டீக்கடையில் வயசுப் பசங்கள் எழுந்து நின்றார்கள். கொளஞ்சியப்பன் மறுப்பதும் இல்லை, ஒப்புக்கொள்வதும் இல்லை. மீசைக்கு மை அடிக்க ஆரம்பித்தார்.

பாவம் என்ற பட்டம் பவானிக்கு நிலைத்தது. கோயிலில் யார் யாரோ அவளுக்காக விளக்குப் போட்டார்கள். அவள் முகம் பளிச்சென்று இருந்தால், “உள்ள அழுவுறா, வெளிய காட்டிக்க மாட்டா” என்றார்கள். ஒருநாள் அவளும் அமராவதியுமாகச் சில்வர் பீச்சுக்குப் போய்ச் சுண்டல் வாங்கித் தின்றுகொண்டு தோளோடு தோள் உட்கார்ந்திருந்ததைத் தெருவே பார்த்தது. “சக்களத்தியக்கூட தங்கச்சியா நெனைக்குது பாரு” என்று அதற்கும் பாராட்டுத்தான்.

கொளஞ்சியப்பனுக்கு எப்போது தெரிந்தது என்பது பவானிக்கே சரியாகத் தெரியாது. ஒருநாள் அவர் காய்ச்சலோடு வந்ததாகவும், வீட்டுக்குள் போனவர் உடனே திரும்பி வந்து டீக்கடை பெஞ்சில் சாயந்திரம்வரை போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்ததாகவும் டீக்கடைக்காரர் பிறகு சொன்னார். அன்றைக்கு மதியம் பவானி ஹாலில் அமராவதி மடியில் தலைவைத்துப் படுத்திருந்தாள். டீக்கடைக்காரர் சொன்னதைக் கேட்டபின், வீடு இரண்டுபடப் போகிறது என்று ஒரு வாரம் சோறு தண்ணி இல்லாமல் காத்திருந்தாள். அவர் ஒரு வார்த்தை கேட்கவில்லை. காய்ச்சல் விட்ட மறுநாளிலிருந்து ஆபீஸ் விட்டு வரும்போது தெருமுனையிலேயே ஸ்கூட்டர் ஹாரனை இரண்டு தடவை அடித்துவிட்டு வர ஆரம்பித்தார். அவ்வளவுதான் அவர் செய்தது.

2009 ஆனியில் டெல்லி கோர்ட்டு தீர்ப்பு ஒன்று டிவியில் ஓடியது. ஆணும் ஆணும், பெண்ணும் பெண்ணும் பிரியப்படுவது குற்றமில்லை என்று சொல்லிவிட்டார்களாம். ரத்தினம்மாள் அமராவதி சுட்ட முறுக்கைக் கடித்துக்கொண்டே, “இது எந்த ஊருலடி நடக்குது அநியாயம்? நம்ம பக்கமெல்லாம் இப்புடி உண்டா?” என்று கேட்டாள்.

“அதெல்லாம் டெல்லியிலம்மா” என்று கொளஞ்சியப்பன் சேனலை மாற்றினார். பவானி அம்மிக்குப் போனாள். அமராவதி இன்னும் இரண்டு முறுக்கு எடுத்துவந்து வைத்தாள். அடுத்த வருஷம் ரத்தினம்மாள் கண்ணை மூடும்போதுகூட, “அந்த மாடிக்காரி மேல ஒரு கண்ணு வச்சுக்கடி” என்று பவானிக்குப் புத்தி சொல்லிவிட்டுத்தான் போனாள். பவானி அதை அப்படியே கடைப்பிடித்தாள்.

எல்லோரையும் ஏமாற்றி முடித்த இடத்தில் சிந்துஜா ஒருத்திதான் இடித்தாள். சிதம்பரத்தில் ‘ஆண்ட்டி ஆண்ட்டி’ என்று அமராவதியின் முந்தானையைப் பிடித்துக்கொண்டு திரிந்த பெண், கடலூர் வந்தபிறகு அவளை ‘அந்தம்மா’ ஆக்கிவிட்டாள். இன்ஜினியரிங் படிக்க ஹாஸ்டலுக்குப் போனாள், சென்னையில் வேலைக்குப் போனாள். லீவுக்கு வந்தால் அந்தம்மா சமைத்ததைத் தொட மாட்டாள். அம்மா கை ருசி யாருக்கும் வராது என்று சொல்லி அவள் இரண்டாம் தடவை வாங்கிச் சாப்பிடும் வத்தக்குழம்பை வைத்ததே அமராவதிதான் என்று பவானி வாயைத் திறக்கவில்லை. சிந்துஜா அப்பாவோடும் பேச்சைக் குறைத்துக்கொண்டாள். மகள் தனக்காகத்தான் இப்படிக் கருகுகிறாள் என்று தெரிந்தும் பவானி வாயை மூடிக்கொண்டிருந்தாள். அது மட்டும் அவளுக்கு ராத்திரித் தூக்கத்தைக் கெடுத்தது.

2011 டிசம்பரில் ‘தானே’ புயல் வந்து மாடியின் ஷீட்டை எங்கேயோ கொண்டுபோய்ப் போட்டது. அமராவதி கீழே, ரத்தினம்மாள் இருந்த அறைக்கு வந்துவிட்டாள். ஷீட்டை மாற்றக் கொளஞ்சியப்பன் அவசரப்படவில்லை. பண்ருட்டியில் திருநாவுக்கரசின் பலாத் தோப்பு வேரோடு சாய்ந்தது. அதனால் தையில் வைத்திருந்த சிந்துஜா கல்யாணம் வைகாசிக்குத் தள்ளிப்போனது. மாப்பிள்ளை இளவரசு, அவளோடு சென்னையில் வேலை செய்கிற பையன்.

சீர்வரிசைக்கு வடகம் வேண்டுமே. சித்திரை வெயிலில் அமராவதியும் பவானியும் இடித்துக் கலந்து மாடியில் பரப்பினார்கள். கடைசி நாள் சாயந்திரம், அமராவதி கீழே விளக்கெண்ணெய் எடுக்கப் போயிருந்த நேரம் பார்த்து, லீவில் வந்திருந்த சிந்துஜா மாடிக்கு வந்தாள்.

“அம்மா, இந்த வடகம் எனக்கு வேணாம். அந்தம்மா கைபட்டது எதுவும் நான் எடுத்துட்டுப் போவ மாட்டேன். மண்டபத்துக்கும் அவுங்க வரக் கூடாது.”

“சரிடி, பாக்கலாம்.”

“பாக்குறதெல்லாம் ஒன்னுமில்ல. மாமாகிட்ட பேசிட்டேன். சிதம்பரத்துல அவுங்களுக்கு வீடு பாத்தாச்சு. ஞாயித்துக்கெழம குட்டி யானை வண்டி எடுத்துட்டு வராரு. சாமானெல்லாம் ஏத்தி அனுப்பிருவாரு.” சிந்துஜாவுக்குக் குரல் உடைந்தது. “எத்தன வருஷம்மா நீ வாய மூடிக்கிட்டு இருப்ப? தெருவுல ஒவ்வொருத்தரும் ஒன்னப் பாவம்னு சொல்லும்போது எனக்கு நாக்கப் புடுங்கிக்கலாம் போல இருக்குது. நான் கல்யாணமாகிப் போறதுக்குள்ள ஒனக்கு இத மட்டும் செஞ்சிட்டுப் போறேன்.”

பவானி வடகத்தை உதிர்த்துக்கொண்டே இருந்தாள். பெற்ற பெண், பாசத்தில், தன் உயிரைப் பிடுங்கி வண்டியில் ஏற்றப் பார்க்கிறாள். ஊரைச் சமாளிக்க ஒரு பொய் போதுமானதாக இருந்தது. இவளை இனிமேல் எதைச் சொல்லிச் சமாளிப்பது? சொன்னால் மகள் மூஞ்சியில் விழிக்க முடியுமோ என்னவோ. சொல்லாவிட்டால் ஞாயிற்றுக்கிழமை வண்டி வந்துவிடும்.

“சிந்து, இப்புடி ஒக்காரு.”

உட்கார்ந்தாள்.

“அவ ஒங்கப்பாவுக்காக வரலடி. அவருக்கும் அவளுக்கும் ஒன்னுமே கெடையாது. அன்னிக்கும் இல்ல, இன்னிக்கும் இல்ல.” பவானி கையிலிருந்த வடகத்தைப் போட்டுவிட்டு நிமிர்ந்தாள். “அவ எனக்காக வந்தவ. சிதம்பரத்துல இருந்தப்பவே. எனக்கு அவதான். அவ போனா நான் இருக்க மாட்டேன்.”

வெயிலில் வெங்காய வாடை குப்பென்று அடித்தது. சிந்துஜா அம்மாவைப் பார்த்தாள். சென்னையில் நாலு பேரோடு பழகின பெண். புரியாமல் இல்லை. புரிந்தது அம்மாவைப் பற்றி என்பதுதான் உள்ளே போகமாட்டேன் என்றது. கடைசியில் மெதுவாகக் கேட்டாள்.

“அப்பாவுக்கு?”

அந்த நேரம் பார்த்துத் தெருமுனையில் ஸ்கூட்டர் ஹாரன் அடித்தது. இரண்டு தடவை.

“அது எதுக்கு அடிக்கிறாருன்னு நெனச்ச?” என்றாள் பவானி.

சிந்துஜா எழுந்து கைப்பிடிச் சுவருக்குப் போனாள். அப்பா வந்துகொண்டிருந்தார். டீக்கடைப் பசங்கள் எழுந்து வணக்கம் வைத்தார்கள். மை மீசையை ஒரு தடவை நீவி விட்டுக்கொண்டு, இரண்டு பெண்டாட்டிக்காரர் என்ற மிடுக்கோடு தலையசைத்தார். வீட்டு வாசலுக்கு வந்ததும் மிடுக்கைக் கழற்றி வைத்தவராக, உள்ளே போகாமல் வண்டியைத் துடைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார். யாருக்காக நிற்கிறார் என்று சிந்துஜாவுக்கு அன்றைக்குத்தான் விளங்கியது.

மாடிப்படியில் அமராவதி எண்ணெய்க் கிண்ணத்தோடு வந்து நின்றாள். எவ்வளவு கேட்டாளோ தெரியாது. நகராமல் நின்றாள். சிந்துஜா அவளிடம் போய்க் கிண்ணத்தை வாங்கி அம்மா பக்கத்தில் வைத்தாள். செல்லை எடுத்துப் பண்ருட்டிக்குப் போட்டாள்.

“மாமா, ஞாயித்துக்கெழம வண்டி வேணாம்.”

எதிர்ப்பக்கம் திருநாவுக்கரசு குதித்தது இவர்களுக்கே கேட்டது. “ஏம்மா? ஒங்கம்மா அழுதாளா? அழுவட்டும், வுடு. அவ மனசு அப்புடி. பாவம்மா எங்கக்கா!”

“அம்மா ஒன்னும் பாவம் இல்ல மாமா,” என்றாள் சிந்துஜா. “அப்பாதான் பாவம். நீங்க வரும்போது ஆண்ட்டிக்கும் ஒரு பட்டுப்பொடவ எடுத்துட்டு வாங்க.”

போனை வைத்துவிட்டு உட்கார்ந்து, உள்ளங்கையில் விளக்கெண்ணெயைத் தடவிக்கொண்டு முதல் உருண்டையைப் பிடித்தாள். பிடிக்கத் தெரியவில்லை, உதிர்ந்துவிட்டது. பண்ருட்டியில் திருநாவுக்கரசுக்கு ஒன்றும் விளங்கவில்லை. தன் அக்கா மகளையும் அந்தச் சிதம்பரத்துக்காரி மயக்கிவிட்டாள் என்று அன்று முழுக்கப் புலம்பிக்கொண்டிருந்தான்.